திரையைக் காப்பாற்றாத ஸ்கிரீன்சேவர்

ராயப்பேட்டை மணிக்கூண்டுக்குப் பின்னால் ஒரு சந்தில் டிசைன் வேலை பார்க்கிறேன். விசிட்டிங் கார்டு, பில் புக், கிருகப்பிரவேசப் பத்திரிகை. நடுநடுவே யாராவது வந்து, "சார், நம்ம கடை பேர் ஓடற மாதிரி ஒரு ஸ்கிரீன்சேவர் பண்ணித் தருவீங்களா?" என்பார்கள். தரலாம். ஆனால் கூடவே அவர்கள் கொண்டுவரும் நம்பிக்கைகளில் பாதி, டப்பா மானிட்டர் காலத்துச் சரக்கு.

நம்பிக்கை: ஸ்கிரீன்சேவர் திரையைக் காப்பாற்றும்.

ஒரு காலத்தில் உண்மைதான். டப்பா மானிட்டரின் கண்ணாடிக்கு உட்புறம் பாஸ்பர் பூச்சு இருக்கும். எலக்ட்ரான் கற்றை பட்டால் ஒளிரும். ஒரே எழுத்து ஒரே இடத்தில் மாதக்கணக்கில் நின்றால் அங்கே மட்டும் பூச்சு சீக்கிரம் மங்கிவிடும். நான் முதலில் வேலை பார்த்த இடத்தில் பச்சை எழுத்து மானிட்டர் ஒன்று இருந்தது. அணைத்த பிறகும் அதில் 'மெயின் மெனு' தெரியும், ஸ்லேட்டில் சரியாக அழியாத கணக்கைப் போல. இதற்கு வைத்தியமாக ஜான் சோச்சா என்பவர் 1983 டிசம்பரில் 'சாஃப்ட்டாக்' பத்திரிகையில் ஐபிஎம் கணினிக்கு ஒரு குட்டி புரோகிராம் வெளியிட்டார். 3 நிமிடம் யாரும் கீபோர்டைத் தொடாவிட்டால் திரை கறுத்துவிடும். அவ்வளவுதான். மீனும் கிடையாது, பூவும் கிடையாது. 'ஆஃப்டர் டார்க்' மென்பொருளின் சிறகு முளைத்த டோஸ்டர்கள் அதன் பிறகு, 1989இல்தான் பறக்கத் தொடங்கின.

இப்போது பெரும்பாலான மேஜைகளில் இருக்கும் எல்சிடி திரையில் தடம் பதிவது அபூர்வம்; பதிந்தாலும் பெரும்பாலும் தானே மறைந்துவிடும். ஓஎல்இடி வேறு கதை. அதில் ஒவ்வொரு புள்ளியும் தானே ஒளிர்ந்து, ஒளிர்ந்த அளவுக்குத் தேயும். உறவினர் வீட்டு டிவியில் கிரிக்கெட் ஓடும்போதுகூடப் புல்தரையின் அடியில் செய்திச் சேனலின் பட்டை நிழலாகத் தெரிகிறது. ரிசப்ஷனில் ஓஎல்இடியை மாட்டிவிட்டு, எல்லாப் படத்திலும் லோகோவை அதே மூலையில் ஒட்டச் சொல்கிறார்கள். வேலியே பயிரை மேய்கிற வேலை அது. நான் படத்துக்குப் படம் லோகோவை இடம் மாற்றித்தான் வைப்பேன்.

நம்பிக்கை: கரண்ட் மிச்சம்.

இல்லை. சாதாரண எல்சிடியில் படம் எதுவானாலும் பின்விளக்கு எரிந்துகொண்டேதான் இருக்கும். முப்பரிமாணக் குழாய், மீன்தொட்டி என்று போட்டால் கிராபிக்ஸ் கார்டும் சேர்ந்து உழைக்கும். மிச்சம் வேண்டுமென்றால் திரையை அணையவிடுங்கள்.

நம்பிக்கை: நெட்டில் இலவசமாகக் கிடைக்கிறதே, இறக்கிக்கொள்ளலாம்.

இதில்தான் எனக்குக் கோபம் வரும். விண்டோஸில் '.எஸ்சிஆர்' என்று முடியும் கோப்பு படமல்ல, முழு புரோகிராம். '.இஎக்ஸ்இ' கோப்புக்குப் பெயரை மாற்றினாலே '.எஸ்சிஆர்' ஆகிவிடும். பூக்கோலம் என்று நினைத்துத் தட்டினால் உள்ளே எது வேண்டுமானாலும் ஓடலாம். நானே ஒருமுறை மீன்தொட்டி ஒன்றை இறக்கினேன். மீன் நன்றாகத்தான் நீந்தியது. பிரவுசரைத் திறந்தால் மட்டும் சூதாட்ட விளம்பரம். முகூர்த்த சீசனில், கையில் இருந்த பத்திரிகை வேலையை எல்லாம் நிறுத்திவிட்டு விண்டோஸை மறுபடி போட்டேன்.

வீட்டுக்கோ சின்னக் கடைக்கோ புதுசாக எதையும் இறக்கவே வேண்டாம். விண்டோஸிலேயே 'போட்டோஸ்' என்று ஒரு ஸ்கிரீன்சேவர் இருக்கிறது. ஒரு ஃபோல்டரைக் காட்டினால் அதில் உள்ள படங்களை வரிசையாக ஓட்டும். படங்களை 1920×1080 அளவில் வெட்டி வையுங்கள். வாட்ஸ்அப்பில் வாங்குவதாக இருந்தால் 'டாக்குமென்ட்' ஆக அனுப்பச் சொல்லுங்கள். இல்லாவிட்டால் முகமெல்லாம் கூழாகிவிடும். தமிழில் வாசகம் வேண்டுமென்றால் அதையும் ஜேபெக் படமாகவே சேமியுங்கள். பழைய டிடிபி ஃபான்ட்டில் அடித்த கோப்பை அந்த ஃபான்ட் இல்லாத கணினியில் திறந்தால், 'நல்வரவு' இருந்த இடத்தில் அர்த்தமில்லாத ஆங்கில எழுத்துகள் நிற்கும்.

இன்னொன்று: ஸ்கிரீன்சேவர் ஓடினால் கணக்கை யாரும் பார்க்க முடியாது என்று ஒரு நம்பிக்கை. மவுஸை அசைத்தால் டேலி கணக்கு மென்பொருள் அப்படியே வந்து நிற்கும். பாஸ்வேர்டு வைத்து, ஸ்கிரீன்சேவர் அமைப்புப் பெட்டியில், திரும்பும்போது லாகின் கேட்கச் சொல்லும் கட்டத்தில் டிக் அடித்தால்தான் பூட்டு.

போன மாதம் ஒருவர் தன் அப்பாவின் பழைய கருப்பு வெள்ளைப் படங்களைக் கொண்டுவந்தார். ஒன்றில் அப்பா மணிக்கூண்டுக்கு முன்னால் சைக்கிளைப் பிடித்தபடி நிற்கிறார். ஸ்கேன் செய்து, கீறல்களைச் சரிசெய்து, ஸ்கிரீன்சேவராகப் போட்டுக்கொடுத்தேன். இரண்டே நாளில் லேப்டாப்போடு திரும்பி வந்தார். "சார், வரவே மாட்டேங்குது." பார்த்தால், 5 நிமிடத்தில் திரை அணையும்படி இருக்கிறது, ஸ்கிரீன்சேவருக்கோ 10 நிமிடம். அப்பா வருவதற்குள் விளக்கு அணைந்துவிடுகிறது. ஸ்கிரீன்சேவரை 3 நிமிடத்துக்கும் அணைவதை 15 நிமிடத்துக்கும் மாற்றி, "இப்ப எதையும் தொடாதீங்க" என்றேன். கையைக் கட்டிக்கொண்டு ஸ்டூலில் உட்கார்ந்தார்.

சைக்கிள் வந்ததும், "அந்தக் கேரியர்லதான் சார் நான் ஸ்கூலுக்குப் போவேன்" என்றார்.