தீர்ப்புக்கு முன்னால் ஒரு தீர்ப்பு

அன்புள்ள தம்பிக்கு,

"இடைக்கால உத்தரவுதானே, இறுதித் தீர்ப்பு வரட்டும், பார்த்துக்கொள்ளலாம்" என்ற பேச்சை நீதிமன்ற வளாகத்தில் நிறையக் கேட்பாய். சட்டம் படிக்கும் நீ அதில் மயங்கிவிடாதே. உரிமை யாருக்கு என்று சொல்வது இறுதித் தீர்ப்பு. அந்தத் தீர்ப்பு வரும் நாளில் உரிமை கொண்டாட ஏதாவது மிச்சம் இருக்கும்படி பார்த்துக்கொள்வது இடைக்கால உத்தரவு. எல்லைத் தகராறில் தடை வாங்கிய பிறகும் எதிராளி இரவோடு இரவாகச் சுவர் எழுப்பித் தளமும் போட்டுவிட்டால், பல வருடம் கழித்து வாதி ஜெயித்து என்ன பயன்? அதனால்தான் சொல்கிறேன்: தடையை மீறியது பற்றிய மனு மூல வழக்கு முடியட்டும் என்று காத்துக் கிடக்கக் கூடாது, அதைத்தான் முதலில் விசாரித்து முடிக்க வேண்டும்.

தாமதம் என்ன செய்யும் என்பதற்கு அயோத்தி சாட்சி. உத்தரப் பிரதேச அரசு கையகப்படுத்திய 2.77 ஏக்கரில் நிரந்தரக் கட்டுமானம் எதுவும் கூடாது என்று நீதிமன்றத் தடை இருந்தது. அதையும் மீறி 1992 ஜூலையில் அங்கே பெரிய சிமெண்ட் மேடை எழுந்தது. கட்டியவர்கள் சாதுக்கள், தடுத்தால் கலவரம் வரும் என்று அரசு சமாதானம் சொன்னது; உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. முதலமைச்சராக இருந்த கல்யாண் சிங்குக்கு ஒரு நாள் சிறையும் 2,000 ரூபாய் அபராதமும் விதித்தது. ஆனால் அந்தத் தண்டனை வந்தது 1994 அக்டோபரில். பாபர் மசூதியோ 1992 டிசம்பர் 6-ஆம் தேதியே இடிக்கப்பட்டுவிட்டது. இடிப்பு தொடர்பான அவமதிப்பு வழக்கு இன்னும் நீண்டு, மூல வழக்கில் 2019-இல் தீர்ப்பு வந்த பிறகு, 2022-இல் முடித்து வைக்கப்பட்டது. மேடை கட்டிய விஷயம் அன்றே விசாரிக்கப்பட்டிருந்தால் இடிப்பு நின்றிருக்கும் என்று யாரும் அடித்துச் சொல்ல முடியாது. ஆனால் உத்தரவை மீறினால் உடனே கேள்வி வரும் என்ற பயமாவது இருந்திருக்கும்.

"உத்தரவே தவறாக இருந்தால்?" என்று நீ கேட்கலாம். இந்தியா முழுவதற்கும் பொருந்தும் பதிலை உச்ச நீதிமன்றம் 1997-இல், ஹிந்த் ரப்பர் வழக்கில் சொன்னது: வழக்கை விசாரிக்கும் அதிகாரமே உத்தரவிட்ட நீதிமன்றத்துக்கு இல்லை என்று பின்னால் முடிவானாலும், அதுவரை அமலில் இருந்த உத்தரவை மீறியதற்குத் தண்டனை உண்டு. இல்லாவிட்டால் ஒவ்வொரு பிரதிவாதியும் தன் வழக்குக்குத் தானே நீதிபதி ஆகிவிடுவான். தவறு என்று நினைத்தால் உத்தரவை மாற்றவோ நீக்கவோ கேட்டு மனுப் போட, உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 39-ஆம் கட்டளை, 4-ஆம் விதி வழி வைத்திருக்கிறது.

அவசரமாக விசாரித்தால் அப்பாவிகள் மாட்டிக்கொள்வார்களே என்பது அடுத்த ஆட்சேபம். நியாயமான கவலைதான். ஆனால் 1971-ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் வேண்டுமென்றே செய்த மீறலைத்தான் குற்றமாக்குகிறது. உத்தரவு தெரியாமலோ, நிறைவேற்றவே முடியாமலோ போனவருக்கு அங்கே பாதுகாப்பு உண்டு. தண்டிக்கப்பட்டவருக்கு மேல்முறையீடும் உண்டு. சீக்கிரம் விசாரிப்பது வேறு, அவசரமாகத் தண்டிப்பது வேறு.

ஆகவே நாளை உன் கட்சிக்காரர் தடை மீறப்பட்டதாக வந்து நின்றால், மூல வழக்கின் வாய்தாவுக்குக் காத்திருக்காதே. புகைப்படம், தேதி, உத்தரவு எதிராளிக்குத் தெரிந்திருந்ததற்கு ஆதாரம் எல்லாவற்றையும் சேர்த்து உடனே மனுப் போடு. தண்டனையோடு நில்லாமல், மீறிக் கட்டியதை அகற்றவும் கேள்.

அன்புடன்,
உன் அண்ணன்