கல்வராயன் மலை: சொல்வதும் உள்ளதும்

கள்ளக்குறிச்சி 2019 நவம்பர் 26 முதல் தனி மாவட்டம். ஆனால் நாடு முழுக்க அதன் பெயர் அடிபட்டது 2024 ஜூனில், மெத்தனால் கலந்த சாராயம் குடித்து அறுபதுக்கும் மேற்பட்டோர் மாண்டபோது. இறந்தவர்களில் பலர் நகரத்துக்குள்ளேயே இருக்கும் கருணாபுரத்துக் கூலித் தொழிலாளர்கள். மெத்தனால் ஆலைகளில் புழங்கும் வேதிப்பொருள், மலையில் காய்ச்சி இறக்குவதல்ல. ஆனாலும் பழியில் ஒரு பங்கு அதே மாவட்டத்தின் கல்வராயன் மலைமேல் விழுந்தது. அடுத்த மாதமே சென்னை உயர் நீதிமன்றம் மலை மக்களின் வாழ்நிலையைத் தானாக முன்வந்து வழக்காக எடுத்துக்கொண்டது. அன்றிலிருந்து மலையைப் பற்றி எல்லோரும் பேசுகிறோம். அந்தப் பேச்சில் பலவும் தவறு. தவறான நம்பிக்கையை வைத்துப் போடுகிற எந்தத் திட்டமும் மலையையும் காக்காது, அடிவாரத்தையும் காக்காது.

“மலைக்காரங்கதான் காட்டை அழிச்சாங்க”

கல்வராயன் மலையில் பெரும்பான்மையோர் தமிழ் பேசும் மலையாளி பழங்குடியினர். நாடு விடுதலை பெற்று நான்கு ஐந்தாண்டுத் திட்டங்கள் முடிந்த பிறகும் அவர்கள் மூன்று ஜாகீர்களுக்குக் கட்டுப்பட்டே கிடந்தார்கள். சடையக் கவுண்டர், குரும்பக் கவுண்டர், ஆரியக் கவுண்டர் என்பவை அந்த ஜாகீர்கள். உழுத நிலம் உழுதவருக்குச் சொந்தமில்லை. வரியும் கட்ட வேண்டும், கூலியில்லாமல் வேலைக்கும் போக வேண்டும். 1976இல்தான் மலை அரசின் நேரடி நிர்வாகத்துக்கு வந்தது.

அதே 1976இல்தான் அரசியலமைப்பின் 42ஆவது திருத்தம் நிறைவேறியது. சுற்றுச்சூழலையும் காட்டையும் காப்பது அரசின் பொறுப்பு என்று 48-ஏ பிரிவும், குடிமக்களின் கடமை என்று 51-ஏ பிரிவும் அதில் வந்தன. மாநிலப் பட்டியலில் இருந்த காடுகள் பொதுப் பட்டியலுக்கு மாறின. காட்டைக் காக்கும் கடமை எழுதப்பட்ட ஆண்டில்தான் இந்த மக்களைக் குடிமக்களாக நடத்தவே தொடங்கினோம். இதை மறந்துவிட்டு அவர்களைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவது அநியாயம்.

சந்தன மரங்கள் போனது உண்மை. வெட்டிய கைகளில் சில மலைக்காரர்களுடையவை. பணம் கொடுத்து வெட்டச் சொன்னவர்களும் வாங்கி விற்றவர்களும் கீழே இருந்தார்கள். இங்கே சந்தனம் அருகிய பிறகு, கிழக்கு மலைகளின் கூலி ஆட்களை அதே வகைத் தரகர்கள் ஆந்திரத்துச் செம்மரக் காடுகளுக்குக் கூட்டிப்போனார்கள். 2015 ஏப்ரல் 7 அன்று சேஷாசலம் காட்டில் சுட்டுக் கொல்லப்பட்ட 20 பேரில் பலர் நம் அண்டை மலைகளான ஜவ்வாதையும் சித்தேரியையும் சேர்ந்தவர்கள்.

சரிவுகளில் குச்சிக்கிழங்கு பெருகியதும் உண்மை. அது மண்ணுக்கு என்ன செய்கிறது என்பதை அறுவடையின்போது பார்க்க வேண்டும். செடியின் அடியைப் பிடித்து உலுக்கி இழுத்தால் கிழங்குக் கொத்தோடு ஒரு கூடை மண்ணும் பெயர்ந்து வருகிறது. கிழங்கை ஒடித்து லாரிக்கு அனுப்பிவிடுகிறார்கள், அது சின்னசேலம், ஆத்தூர், சேலம் பக்கத்து சேகோ ஆலைகளுக்குப் போகிறது. இளகிக் கிடக்கும் மண் அடுத்த மழையில் ஓடைக்குப் போய், கடைசியில் அணையில் படிகிறது. சாமையும் தினையும் விளைந்த நிலத்தில் ஏன் கிழங்கு வந்தது? கைக்கு ரொக்கம் வருவதால்தான். பட்டா இல்லாத நிலத்துக்கு வங்கிக் கடன் கிடைக்காது. நாளை யாருடையதோ என்ற நிலத்தில் யாரும் கல்வரப்பு கட்ட மாட்டார்கள், பத்து வருடம் கழித்துக் காய்க்கும் பலாவும் நட மாட்டார்கள்.

அந்தப் பட்டாவைத் தரத்தான் 2006இல் வன உரிமைச் சட்டம் வந்தது. 2005 டிசம்பர் 13க்கு முன்பிருந்து காட்டு நிலத்தை உழுதுவரும் பழங்குடிக் குடும்பத்துக்கு, அனுபவத்தில் உள்ள அளவுக்கு, 4 ஹெக்டேர் வரை உரிமை உண்டு என்கிறது சட்டம். தமிழ்நாட்டில் 2008ஆம் ஆண்டின் இடைக்கால உத்தரவு ஒன்றால் உரிமை ஆவணம் வழங்குவது முடங்கிக் கிடந்தது. 2016 தொடக்கத்தில் உச்ச நீதிமன்றம் அந்தத் தடையை நீக்கிய பிறகே வேலை நகர்ந்தது. பிற மாநிலங்கள் ஆவணம் கொடுத்துக்கொண்டிருந்த எட்டு வருடங்கள் நம் மலைகளுக்கு வீணாயின.

“மலைன்னா மேற்குத் தொடர்ச்சிதான், இது வெறும் கரடு”

இந்த நினைப்பு பொதுமக்களிடம் மட்டும் இருந்திருந்தால் பரவாயில்லை. தேசியத் திட்டமிடலிலும் அது இருந்தது. ஐந்தாம் ஐந்தாண்டுத் திட்டக் காலத்தில், 1974-75இல், மலைப்பகுதி மேம்பாட்டுத் திட்டம் தொடங்கியபோது தமிழ்நாட்டில் நீலகிரி சேர்ந்தது. மேற்குத் தொடர்ச்சி மலை மேம்பாட்டுத் திட்டம் தனியாக வந்தது. கிழக்குத் தொடர்ச்சி மலைக்கு அப்படி எதுவும் வரவில்லை. பழங்குடித் துணைத்திட்டத்தில் கல்வராயன் சேர்க்கப்பட்டது நல்லதுதான். ஆனால் அது ஆட்களுக்கான நலத்திட்டம். மலை என்ற நிலத்தை, அதன் சரிவு, ஓடை, காடு எல்லாவற்றோடும் சேர்த்துப் பார்க்கிற திட்டம் அல்ல. 2010இல் மாதவ் காட்கில் தலைமையில் நிபுணர் குழு அமைந்ததும், 2012இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்ததும் மேற்கு மலைக்கே.

கல்வராயன் தரும் தண்ணீரை யார் குடிக்கிறார்கள் என்று பாருங்கள். கச்சிராயபாளையம் அருகே 46 அடி உயர கோமுகி அணை. அதற்கு அப்பால் 36 அடி மணிமுக்தா அணை. கோமுகி, மணிமுக்தா என்ற இரண்டு ஆறுகளும் இந்த மலையின் நீரைக் கொண்டு வருபவை. மாசி மகத்தன்று விருத்தாசலத்தில் கூட்டம் முழுகி எழும் மணிமுத்தாறு, அதாவது மணிமுக்தா, நம் மலைத் தண்ணீர்தான். அது வெள்ளாற்றில் கலந்து பரங்கிப்பேட்டைக்குப் பக்கத்தில் கடலைச் சேர்கிறது. மேலே காடு இருந்தால் மழை மண்ணுக்குள் இறங்கி மெதுவாகக் கசிந்து வரும். காடு இல்லாவிட்டால் ஒரே நாளில் வெள்ளமாக வந்துவிட்டு, பங்குனி பிறப்பதற்குள் ஓடை காய்ந்துவிடும். ஃபெஞ்சல் புயல் கரை கடந்த பிறகு 2024 டிசம்பர் தொடக்கத்தில் உள்மாவட்டங்களில் கொட்டிய மழையை நாம் மறந்திருக்க மாட்டோம்.

மலையைக் காப்பது மலைக்காரர் கடன் என்று சமவெளி சும்மா இருந்துவிடவும் முடியாது. மூங்கில்துறைப்பட்டிலும் கச்சிராயபாளையத்திலும் கூட்டுறவுச் சர்க்கரை ஆலைகள் இருக்கும் கரும்பு நாடு இது. பெட்ரோலில் 20 சதவீதம் எத்தனால் கலக்கும் தேசிய இலக்கை 2030லிருந்து 2025க்கு முன்தள்ளியபோது கரும்புக்குக் கூடுதல் சந்தை கிடைத்தது. அந்தக் கரும்புக்குத் தண்ணீர் எங்கிருந்து வரும் என்று யாரும் கேட்கவில்லை. எரிபொருள் திட்டத்தை ஓர் அமைச்சகமும் நீர்த்திட்டத்தை வேறோர் அமைச்சகமும் தனித்தனியே போட்டால் இப்படித்தான் ஆகும்.

“ரோடு வேணும்னா காடு போகும், காடு வேணும்னா ரோடு கிடையாது”

அதிகாரிகளிடமிருந்தும் இதைக் கேட்கலாம், இயற்கை ஆர்வலர்களிடமிருந்தும் கேட்கலாம். நிறைமாதக் கர்ப்பிணியைத் தொட்டில் கட்டித் தூக்கிவரும் செய்தி வரும்போதெல்லாம் “வனத்துறை அனுமதி கிடைக்கவில்லை” என்ற பதில் தயாராக இருக்கும்.

வன உரிமைச் சட்டத்தின் 3(2) பிரிவு இதற்கு ஏற்கெனவே வழி செய்துவிட்டது. பள்ளி, மருந்தகம், அங்கன்வாடி, ரேஷன் கடை, மின்கம்பி, குடிநீர்க் குழாய், குளம், சிறு வாய்க்கால், சாலை, சமுதாயக் கூடம் என்று 13 வகை வசதிகளை அது பட்டியலிடுகிறது. ஒவ்வொன்றுக்கும் தேவைப்படும் காட்டு நிலம் ஒரு ஹெக்டேருக்குக் குறைவாக இருக்க வேண்டும். ஹெக்டேருக்கு 75 மரங்களுக்கு மேல் வெட்டக் கூடாது. கிராம சபை பரிந்துரைக்க வேண்டும். இவ்வளவும் சரியாக இருந்தால் 1980ஆம் ஆண்டு வனப் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் மத்திய அரசிடம் கோப்பு போக வேண்டியதே இல்லை. மாவட்ட வன அலுவலர் நிலையிலேயே முடிவெடுக்கலாம்.

ஒரு ஹெக்டேர் என்பது 10,000 சதுர மீட்டர். 3.75 மீட்டர் அகல ஒற்றைத் தார்ச்சாலைக்கு, தார்ப்பரப்பை மட்டும் கணக்கிட்டால், இரண்டரை கிலோமீட்டருக்கு மேல் வரும். வெள்ளிமலைக்கோ கரியாலூருக்கோ போகும் பாதையிலிருந்து பிரியும் ஒரு குக்கிராமத்துக்கு அந்தத் தூரம் பெரிய விஷயம். இதற்காக ஒரு காடு அழிந்துவிடும் என்று சொல்வது பொய். காட்டை உண்மையில் அழிப்பவை நூற்றுக்கணக்கான ஹெக்டேர் கேட்கும் சுரங்கங்களும் பெருந்திட்டங்களும்தான். அவற்றைத் தடுக்கவும் இதே சட்டம் பயன்பட்டிருக்கிறது. நம் கிழக்குத் தொடர்ச்சி மலையின் ஒடிசாப் பகுதியில் நியம்கிரி மலையின் பாக்சைட் சுரங்கம் பற்றி அந்தந்தக் கிராம சபைகளே முடிவு செய்யட்டும் என்று 2013 ஏப்ரல் 18இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 12 கிராம சபைகளும் வேண்டாம் என்றன. சுரங்கம் வரவில்லை. ஒரே சட்டம் சின்னச் சாலைக்குக் கதவைத் திறக்கிறது, பெரிய சுரங்கத்துக்குக் கதவை அடைக்கிறது. இரண்டிலும் சாவி கிராம சபையிடம் இருக்கிறது.

வளர்ச்சியும் சுற்றுச்சூழலும் சேராது என்பவர்களுக்கு நம் மாநிலத்து வழக்கே பதில். பாலாற்றைக் கெடுத்த தோல் பதனிடும் ஆலைகளுக்கு எதிராக வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடர்ந்த வழக்கில், 1996 ஆகஸ்ட் 28 அன்று, நீடித்த வளர்ச்சி என்பது நாட்டின் சட்டத்தில் அடங்கியது என்றும் மாசுபடுத்தியவரே இழப்பீடு கட்ட வேண்டும் என்றும் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

“33 சதவீதம் வந்துட்டா காடு பிழைச்சிடும்”

1988ஆம் ஆண்டின் தேசிய வனக் கொள்கை நாட்டின் நிலத்தில் மூன்றில் ஒரு பங்கு காடாகவோ மரப்பரப்பாகவோ இருக்க வேண்டும் என்றது. மலைப்பகுதியில் மூன்றில் இரண்டு பங்கு. 2022 செப்டம்பர் 24 அன்று தொடங்கிய பசுமைத் தமிழ்நாடு இயக்கம், மாநிலத்தின் வன, மரப்பரப்பை 23.7 சதவீதத்திலிருந்து 33க்கு உயர்த்தப் பத்தாண்டு இலக்கு வைத்திருக்கிறது. மரம் நடுவதை நான் குறை சொல்ல மாட்டேன். எண்ணுகிற முறையைத் தெரிந்துகொள்ள வேண்டும் என்பதே என் வாதம்.

இந்திய வன அளவை நிறுவனம் செயற்கைக்கோள் படத்தில் பார்க்கும்போது, ஒரு ஹெக்டேருக்கு மேற்பட்ட பரப்பில் மரக்கிளைகளின் கவிகை 10 சதவீதத்தைத் தாண்டினால் அதை வனப்பரப்பாகக் கணக்கிடுகிறது. எந்த மரம், யார் நிலம் என்பதெல்லாம் அந்தக் கணக்கில் இல்லை. தைலமரத் தோப்பும் அதில் சேரும், தென்னந்தோப்பும் சேரும். கடுக்காய், நெல்லி, புளி, மூங்கில் எல்லாம் தானாக வளர்ந்து நிற்கும் பழங்காட்டை இழந்து அதே அளவுக்குத் தைலமரம் நட்டால் கணக்கில் ஒரு குறையும் தெரியாது. கடுக்காய் பொறுக்கி உலர்த்திப் பழங்குடியினர் கூட்டுறவுச் சங்கத்திலோ வியாபாரியிடமோ போடும் பெண்ணுக்குத் தெரியும், தேனீக்குத் தெரியும், ஓடைக்குத் தெரியும்.

மாநிலச் சராசரிகளையும் இப்படித்தான் படிக்க வேண்டும். நீடித்த வளர்ச்சி இலக்குகளுக்கான நிதி ஆயோக்கின் 2023-24 குறியீட்டில் உத்தரகண்டும் கேரளமும் 79 புள்ளி, தமிழ்நாடு 78. பெருமைப்படலாம். அந்த 78க்குள் கல்வராயன் மலையின் ஒரு குக்கிராமம் எங்கே நிற்கிறது என்று அந்த எண் சொல்லாது.

“டெல்லியில போடுற பிளானுக்கு நாம என்ன செய்ய?”

மற்ற நம்பிக்கைகளைவிட இதுதான் அதிகம் கெடுக்கிறது. 2008இல் வந்த தேசியக் காலநிலை மாற்றச் செயல்திட்டம் எட்டு இயக்கங்களோடு டெல்லியில் எழுதப்பட்டது. ஆனால் அதன் கடைசிக் கண்ணிகள் நம் ஊரில் இருக்கின்றன. மாவட்டக் காலநிலை மாற்ற இயக்கத்துக்கு ஆட்சியரே இயக்குநர், மாவட்ட வன அலுவலர் காலநிலை அலுவலர். 2002ஆம் ஆண்டின் உயிரியல் பன்மைச் சட்டப்படி ஒவ்வோர் ஊராட்சியிலும் மேலாண்மைக் குழு இருக்க வேண்டும், மக்கள் பதிவேடு எழுத வேண்டும். எந்த ஓடை எந்த மாதம் வற்றுகிறது, எந்தச் சாமை வகை அழிந்துபோனது என்பதை மலையில் உள்ள மூத்தவர்களைக் கேட்காமல் யாராலும் எழுத முடியாது.

அரசியலமைப்பின் ஐந்தாவது அட்டவணைப்படி பழங்குடிப் பகுதியாக அறிவிக்கப்பட்ட இடம் எதுவும் தமிழ்நாட்டில் இல்லை. எனவே அத்தகைய பகுதிகளின் கிராம சபைகளுக்கு 1996ஆம் ஆண்டின் பெசா சட்டம் தரும் தனி அதிகாரம் நம் மலைகளுக்குக் கிடையாது. அதனாலேயே வன உரிமைச் சட்டத்தின் சமுதாய உரிமை நமக்கு முக்கியம். தன் எல்லைக்குட்பட்ட காட்டைக் காக்கவும் மீட்டெடுக்கவும் நிர்வகிக்கவும் கிராம சபைக்கு அது உரிமை தருகிறது. தனிப் பட்டாவைக் கேட்பவர்கள் பலர், இதைக் கேட்பவர்கள் குறைவு. இதற்கான சபை கூட, உறுப்பினரில் பாதிப்பேர் வர வேண்டும், வந்தவர்களில் மூன்றில் ஒரு பங்கு பெண்களாக இருக்க வேண்டும். பல குக்கிராமங்களைச் சேர்த்த ஓர் ஊராட்சியில் மலை ஏறி இறங்கி அத்தனை பேர் ஓரிடம் வருவது கடினம். அதனால்தான் குக்கிராம அளவில் சபையைக் கூட்டச் சொல்லி மத்திய பழங்குடியினர் நல அமைச்சகம் 2012இல் வழிகாட்டியது. மாவட்ட நிர்வாகம் அதை உடனே செய்ய வேண்டும்.

கிராம சபை ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1 ஆகிய நாட்களில் கூடுகிறது. மலையில் இருப்பவர்கள் சமுதாய வன உரிமைக்கும், 3(2) பிரிவின் கீழ் சாலைக்கும் மருந்தகத்துக்கும் எழுத்தில் தீர்மானம் போடுங்கள், நகல் வாங்கி வையுங்கள். கோமுகிப் பாசனத்தில் உள்ளவர்கள் உங்கள் ஊர்ச் சபையில் எழுந்து, மேலே அவர்கள் போட்ட தீர்மானத்தை ஆதரித்து இன்னொரு தீர்மானம் போடுங்கள்.