டீச்சரின் மகன் எங்கே?

செங்கல் ஒரு சிற்றூர். அது கேரளத்தின் தெற்கு ஓரத்தில், நெய்யாற்றின்கரை வட்டத்தில் உள்ளது. பக்கத்தில் பாறசாலை. பாறசாலையைத் தாண்டினால் களியக்காவிளை. களியக்காவிளை தமிழ்நாட்டில் இருக்கிறது. 1956 நவம்பர் 1ஆம் தேதிதான் இந்த மாநில எல்லை வந்தது. எல்லை வந்தாலும் பேச்சு மாறவில்லை. இங்கே தமிழும் கேட்கும், மலையாளமும் கேட்கும்.

இந்த ஊரில் வீட்டு வேலை செய்யும் ஒரு பெண்ணின் கதை இது. தெருவில் எல்லோரும் அவரை அக்கா என்றே அழைப்பார்கள். நாமும் அப்படியே சொல்வோம்.

அக்காவுக்கு வயது 43. கணவர் இல்லை. ஒரே மகள் பத்தாம் வகுப்பு படிக்கிறாள். அக்கா மூன்று வீடுகளில் வேலை செய்கிறார். பெருக்குவார், துடைப்பார், பாத்திரம் தேய்ப்பார், துணி துவைப்பார். மாதக் கடைசியில் கையில் ஒன்றும் மிஞ்சாது. ஐந்து ஆண்டுகளுக்கு முன் அக்கா எழுத்தறிவு வகுப்பில் சேர்ந்தார். இப்போது தமிழை எழுத்துக்கூட்டாமல் வாசிப்பார்.

டீச்சரின் கவலை

அக்கா வேலை செய்யும் ஒரு வீட்டில் ஓய்வு பெற்ற டீச்சர் தனியாக இருக்கிறார். அவருக்கு வயது 74. கண் பார்வை மங்கிவிட்டது. அவருடைய கணவர் இறந்து இரண்டு ஆண்டுகள் ஆகின்றன.

ஒரு நாள் டீச்சர் கேட்டார்: "மக்களே, நீ எனக்கு ஒரு காரியம் செய்யணும். என் மகனைத் தேடித் தருவியா?"

டீச்சருக்கு ஒரே மகன். பதினோரு ஆண்டுகளுக்கு முன் அவர் தனக்குப் பிடித்த பெண்ணை மணக்க விரும்பினார். அப்பா சம்மதிக்கவில்லை. பெரிய சண்டை நடந்தது. அன்று இரவே மகன் வீட்டை விட்டுப் போனார். பிறகு வரவே இல்லை.

"கண்டுபிடிச்சுக் குடுத்தா ஐயாயிரம் ரூபாய் தர்றேன்" என்றார் டீச்சர்.

ஐயாயிரம் ரூபாய்! மகளின் டியூஷன் பணம் மூன்று மாதம் பாக்கி இருக்கிறது. அக்காவின் மனம் துள்ளியது. உடனே பயமும் வந்தது. "எங்கே போய்த் தேடுவது? வேலைக்குப் போகாவிட்டால் கூலி போகுமே. தேடியும் கிடைக்காவிட்டால்?"

முதலில் கணக்கு

அன்று மாலை அக்கா தொடர்கல்வி மையத்துக்குப் போனார். அங்கே உள்ள பிரேரக்கிடம் விவரம் சொன்னார்.

பிரேரக் சொன்னார்: "அக்கா, வீட்டைத் துடைப்பது ஒரு வேலை. ஆளைத் தேடுவது வேறு வேலை. அதற்குத் தனிக் கூலி பேச வேண்டும். கிடைத்தால்தான் பணம் என்று பேசாதீர்கள். ஆள் கிடைப்பது உங்கள் கையில் இல்லை. தேடுவதுதான் உங்கள் கையில் இருக்கிறது."

அக்கா இதை டீச்சரிடம் சொன்னார். டீச்சர் ஒப்புக்கொண்டார். இருவரும் ஒரு நோட்டில் எழுதினார்கள்:

1. தேடும் வேலைக்கு நாள் ஒன்றுக்கு 600 ரூபாய். மகன் கிடைத்தாலும் கிடைக்காவிட்டாலும் இது உண்டு.

2. பஸ், தபால் செலவு தனி.

3. தெரிந்ததை அக்கா மறைக்கக் கூடாது. தெரியாததைத் தெரியும் என்று சொல்லக் கூடாது.

டீச்சர் கையெழுத்துப் போட்டார். அக்காவும் போட்டார். தேதியும் எழுதினார்கள்.

பெட்டியில் இருந்த கடிதம்

அக்கா நோட்டின் அடுத்த பக்கத்தில் மகனைப் பற்றித் தெரிந்ததை எல்லாம் எழுதினார். பெயர், வயது, படிப்பு, பழகிய நண்பர்கள், தெரிந்த தொழில். முதல் நாள் இரண்டு நண்பர்களின் வீட்டுக்குப் போனார். அவர்களுக்கு ஒன்றும் தெரியவில்லை.

இரண்டாம் நாள் டீச்சர் சொன்னார்: "அவங்க அப்பாவோட தகரப் பெட்டி பரணில் இருக்கு. அதை நான் திறந்ததே இல்லை. பாரு."

அக்கா பெட்டியை இறக்கித் தூசி துடைத்தார். நிலப் பத்திரம், கரண்டு பில், பழைய ரசீதுகள். எல்லாவற்றுக்கும் அடியில் ஒரு கடித உறை. பிரித்த உறைதான். பின்பக்கம் அனுப்பியவர் பெயர் இருந்தது. அக்கா அதை வாசித்தார். அவர் கை நடுங்கியது. அது மகனின் பெயர்.

டீச்சரின் கையில் உறையைக் கொடுத்தார்.

"எனக்குக் கண்ணு தெரியல மக்களே. நீயே வாசி" என்றார் டீச்சர்.

அக்கா வாசித்தார். கடிதம் ஒன்பது ஆண்டுகளுக்கு முன் எழுதியது. மகன் ஒரு பனியன் கம்பெனியில் வேலை செய்வதாக எழுதியிருந்தார். பெண் குழந்தை பிறந்திருப்பதாகவும் எழுதியிருந்தார். "அம்மாவிடம் சொல்லுங்கள்" என்று கடிதம் முடிந்தது.

அப்பா சொல்லவே இல்லை.

டீச்சர் நெடுநேரம் பேசவில்லை. பிறகு, "எனக்குப் பேத்தி இருக்காளா?" என்று கேட்டார்.

ஆறு எண்கள் சொன்ன செய்தி

உறையில் விலாசம் பாதி அழிந்திருந்தது. ஊர்ப் பெயரில் ஈரம் பட்டிருந்தது. ஆனால் கடைசியில் உள்ள ஆறு எண்கள் தெளிவாக இருந்தன. அதுதான் அஞ்சல் குறியீட்டு எண். இதைப் பின்கோடு என்று சொல்கிறோம்.

இந்தியாவில் பின்கோடு 1972 ஆகஸ்டு 15ஆம் தேதி வந்தது. முதல் எண் பெரிய பகுதியைக் காட்டும். 6 என்று தொடங்கினால் அது தமிழ்நாடு, கேரளப் பகுதி. முதல் மூன்று எண்கள் இன்னும் நெருக்கமாகக் காட்டும். 695 என்றால் திருவனந்தபுரம் மாவட்டம். 629 என்றால் கன்னியாகுமரி மாவட்டம். 600 என்றால் சென்னை. கடைசி மூன்று எண்கள் அஞ்சல் நிலையத்தைக் காட்டும்.

உறையில் இருந்த எண் 641 என்று தொடங்கியது. அக்கா தபால் நிலையத்துக்குப் போய்க் கேட்டார். 641 என்பது கோயம்புத்தூர், திருப்பூர் வட்டாரம் என்றார்கள். ஆறு எண்ணையும் பார்த்து அது திருப்பூர் என்று சொன்னார்கள். பனியன் கம்பெனி என்பதும் பொருந்தியது. தெருப் பெயரும் வீட்டு எண்ணும் உறையில் இருந்தன. விலாசம் முழுமையாகிவிட்டது.

போலீசா, கடிதமா?

"போலீசில் சொல்லலாமா?" என்று டீச்சர் கேட்டார்.

பிரேரக் விளக்கினார்: "ஒருவரைக் காணவில்லை என்றால் காவல் நிலையத்தில் புகார் கொடுக்கலாம். குழந்தை என்றால் ஒரு மணி நேரம்கூடத் தாமதிக்கக் கூடாது. வளர்ந்தவருக்கு ஆபத்து என்று தோன்றினாலும் உடனே சொல்ல வேண்டும். ஆனால் உங்கள் மகன் தானாகப் போனவர். 18 வயது தாண்டியவர். அவரைப் போலீசார் கண்டுபிடிக்கலாம். கட்டாயப்படுத்தி வீட்டுக்கு அனுப்ப முடியாது. முதலில் கடிதம் எழுதுங்கள்."

அக்கா இப்படி எழுதினார்:

"ஐயா, நான் உங்கள் அம்மா வீட்டில் வேலை செய்கிறேன். உங்கள் அப்பா இரண்டு வருடம் முன் காலமானார். நீங்கள் எழுதிய கடிதம் இப்போதுதான் அம்மா கைக்குக் கிடைத்தது. அம்மா உங்களைப் பற்றி அறிய ஆசைப்படுகிறார். விருப்பம் இருந்தால் இந்த எண்ணில் பேசுங்கள்."

கடிதத்தை விரைவு அஞ்சலில் அனுப்பினார். ரசீதைப் பத்திரமாக வைத்தார். அந்த ரசீதில் உள்ள எண்ணைக் கொண்டு கடிதம் போய்ச் சேர்ந்ததா என்று பார்க்கலாம். நான்காம் நாள் கடிதம் சேர்ந்துவிட்டது என்று தெரிந்தது.

மகன் கேட்டது

இருபது நாள் கழித்து அக்காவின் போன் அடித்தது.

"கடிதம் எழுதினது நீங்கதானே அக்கா? நான் அந்த வீட்டை விட்டு மாறிட்டேன். வீட்டுக்காரர் கொண்டுவந்து குடுத்தார்."

மகன்தான்! அப்பா இறந்தது அவருக்குத் தெரியாது. சிறிது நேரம் அழுதார். பிறகு சொன்னார்: "அக்கா, நான் நல்லா இருக்கேன்னு அம்மாகிட்ட சொல்லுங்க. ஆனா இப்ப இருக்கிற இடத்தைச் சொல்ல வேண்டாம். சொந்தக்காரங்க திரண்டு வந்தா என் வீட்டுக்காரி தாங்கமாட்டா. அன்னிக்கு அவளைப் பேசாத பேச்சு இல்லை. உங்களுக்கு மட்டும் விலாசம் தர்றேன். அம்மாவுக்கு எழுதணும்னா எழுதட்டும்."

மறுநாள் அக்கா டீச்சரிடம் எல்லாவற்றையும் சொன்னார். விலாசத்தை மட்டும் சொல்லவில்லை.

டீச்சருக்குக் கோபம் வந்தது. "கூலி குடுத்தது யாரு? நான்தானே? மறைக்கக் கூடாதுன்னு எழுதியிருக்கோமே. விலாசத்தைச் சொல்லு. அந்த ஐயாயிரத்தையும் இப்பவே தர்றேன்."

அக்காவுக்கு மகளின் டியூஷன் பணம் நினைவுக்கு வந்தது. இந்த வீட்டு வேலையே போய்விடுமோ என்றும் பயந்தார்.

"டீச்சரே, அவரு விலாசம் என்கிட்ட இருக்கு. இல்லைன்னு பொய் சொல்லல. ஆனா அதைச் சொல்லமாட்டேன்னு அவருக்கு வாக்குக் குடுத்துட்டேன். மீறினா அவரு மறுபடியும் வீடு மாறிடுவார். அப்புறம் யாராலும் கண்டுபிடிக்க முடியாது. நீங்க சொல்லுங்க, நான் எழுதுறேன். நானே தபால்ல சேர்க்கிறேன்."

டீச்சர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். இரண்டு நாள் அவர் அக்காவிடம் பேசவில்லை. அக்கா வழக்கம்போல் வந்து, பெருக்கித் துடைத்துவிட்டுப் போனார்.

மூன்றாம் நாள் டீச்சர் கூப்பிட்டார். "பேனா எடு" என்றார்.

டீச்சர் சொல்லச் சொல்ல அக்கா எழுதினார். "அப்பா திட்டும்போது நான் வாய் மூடி நின்றேன். அது என் தப்பு. உன் மனைவியிடம் மன்னிப்புக் கேட்டதாகச் சொல். நீ வரச் சொன்னால் வருவேன். வேண்டாம் என்றால் வரமாட்டேன்."

டீச்சர் உறையை ஒட்டி அக்காவின் கையில் கொடுத்தார். உறையின் மேல் ஒன்றும் எழுதவில்லை. அக்கா வீட்டுக்குப் போய் விலாசத்தை எழுதினார்.

அதற்கு அடுத்த மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை டீச்சர் வீட்டில் போன் அடித்தது. பேசியது மகன் இல்லை. ஒரு சிறுமி. "பாட்டியா?" என்று கேட்டாள்.

மகன் இன்னும் ஊருக்கு வரவில்லை. ஆனால் ஞாயிறுதோறும் போன் வருகிறது.

தெரிந்துகொள்வோம்

டீச்சருக்குப் பென்ஷன் உண்டு. அவருக்கு மகனின் பணம் தேவையில்லை. ஆனால் எத்தனையோ தாய் தந்தையருக்குப் பென்ஷன் இல்லை. பிள்ளைகள் கைவிட்டால் அவர்கள் என்ன செய்வது?

இதற்கு 2007ஆம் ஆண்டுச் சட்டம் இருக்கிறது. அதன் பெயர் பெற்றோர் மற்றும் மூத்த குடிமக்கள் பராமரிப்பு, நலச் சட்டம். அது இவற்றைச் சொல்கிறது:

சொந்த வருமானத்தில் வாழ முடியாத பெற்றோர், பிள்ளைகளிடம் பராமரிப்புச் செலவு கேட்கலாம். மகனுக்கும் மகளுக்கும் இந்தக் கடமை உண்டு.

இதற்கான தீர்ப்பாயம் ஆர்.டி.ஓ. நிலையில் உள்ள அதிகாரியின் தலைமையில் நடக்கும். மனுவை அங்கே கொடுக்க வேண்டும்.

பெற்றோரால் மனு கொடுக்க இயலாவிட்டால், அவர்கள் அதிகாரம் அளித்த வேறொருவர் கொடுக்கலாம். பக்கத்து வீட்டுக்காரராகவும் இருக்கலாம்.

தீர்ப்பாயம் முதலில் சமரச அலுவலரிடம் அனுப்பலாம். இரு தரப்பையும் பேசவைத்து ஒத்துப்போகச் செய்வது அவர் வேலை.

மாதம் 10,000 ரூபாய் வரை கொடுக்கும்படி உத்தரவிட இந்தச் சட்டம் இடம் தருகிறது.

சட்டத்தால் பணம் வாங்கித் தர முடியும். பாசத்தை வாங்கித் தர முடியாது. அதற்கு டீச்சர் எழுதியதுபோல ஒரு கடிதம் வேண்டும்.

முதியவர்களுக்கு உதவி வேண்டுமானால் 14567 என்ற எண்ணில் பேசலாம். இலவசச் சட்ட உதவிக்கு 15100. பெண்களுக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவசச் சட்ட உதவி உண்டு. ஆபத்து நேரத்தில் 112.

வீட்டு வேலையும் தொழில்தான். 2005ஆம் ஆண்டு கேரள அரசு வீட்டு வேலையைக் குறைந்தபட்சக் கூலிப் பட்டியலில் சேர்த்தது. உலகத் தொழிலாளர் அமைப்பு 2011 ஜூன் 16ஆம் தேதி வீட்டு வேலையாட்களின் உரிமைக்காகத் தனி உடன்படிக்கை கொண்டுவந்தது.

பேசிப் பார்ப்போம்

1. அக்கா விலாசத்தைச் சொல்லாதது சரியா? நீங்களாக இருந்தால் என்ன செய்வீர்கள்?

2. நோட்டில் எழுதிக் கையெழுத்துப் போட்டதால் அக்காவுக்கு என்ன நன்மை?

3. அப்பா கடிதத்தை மறைத்ததால் யார் யாருக்கு இழப்பு?

எழுதிப் பார்ப்போம்

1. உங்கள் ஊரின் பின்கோடு என்ன? எழுதுங்கள்.

2. அக்கா நான்கு நாள் தேடினார். நாள் கூலி 600 ரூபாய். பஸ், தபால் செலவு 140 ரூபாய். டீச்சர் மொத்தம் எவ்வளவு கொடுக்க வேண்டும்?

3. நெடுநாளாகப் பேசாத உறவினர் ஒருவருக்கு ஐந்து வரியில் கடிதம் எழுதுங்கள்.