காணி விற்பனை முறிந்தால் முற்பணத்தை மீட்க

ஹட்டன், தலவாக்கலை, நுவரெலியா டவுன்களை ஒட்டிக் காணி வாங்கும் தோட்டக் குடும்பங்கள் முற்பணமாகக் கொடுப்பது பெரும்பாலும் ஓய்வின்போது கிடைத்த சேமலாப நிதிக் காசு. இல்லாவிட்டால், பிள்ளைகள் கொழும்பிலோ வெளிநாட்டிலோ உழைத்து அனுப்பியது. விற்பவர் முறித்தால் அதில் ஒரு சதத்தையும் விட்டுக்கொடுக்க வேண்டியதில்லை.

1. கையில் இருக்கும் கடதாசி எது என்று முதலில் பாருங்கள். 1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்க மோசடித் தடுப்புக் கட்டளைச் சட்டப்படி, காணி விற்பனை உடன்படிக்கையில் நொத்தாரிசுக்கும் இரண்டு சாட்சிகளுக்கும் முன்னால் கையெழுத்திட வேண்டும். தரகர் முத்திரை ஒட்டி எழுதிக் கொடுத்த துண்டை வைத்துக் காணியை எழுதித் தரும்படி கேட்க முடியாது. ஆனால் காசு கைமாறியதற்கு அது சாட்சி. விற்பவர் உறுதி எழுத மறுத்தால், கொடுத்த பணத்தைத் திருப்பிக் கேட்கும் உரிமை உங்களுக்கு உண்டு. "இந்தத் துண்டு செல்லாது, போ" என்று யாராவது சொன்னால் அதைக் கிழித்துப் போட்டுவிடாதீர்கள்.

2. முறித்தது யார் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. விற்பவர் எழுதித் தரத் தயாராக இருக்கும்போது நீங்கள் பின்வாங்கினால் முற்பணத்தை மீட்பது கஷ்டம். ஆகவே, மிச்சப் பணத்தோடு தயாராக இருப்பதைத் தவணை முடியும் முன்பே எழுத்தில் அறிவியுங்கள்.

3. தொகை, கொடுத்த திகதி, திருப்பித் தரவேண்டிய நாள் மூன்றையும் குறிப்பிட்டு, சட்டத்தரணி மூலம் கோரிக்கைக் கடிதம் அனுப்புங்கள். பதிவுத் தபால் சீட்டைப் பத்திரப்படுத்துங்கள்.

4. "தீபாவளிக்குத் தாறேன், சித்திரைக்குத் தாறேன்" என்ற பேச்சை நம்பி வருடங்களைக் கடத்தாதீர்கள். 1871ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டத்தின் கீழ் வழக்குப் போட எழுத்து உடன்படிக்கைக்கு 6 வருடமும் வாய்ப்பேச்சுக்கு 3 வருடமும்தான் அவகாசம். வெறும் துண்டு மட்டும் வைத்திருப்பவர்கள் 3 வருடத்தையே எல்லையாகக் கொள்வது பாதுகாப்பு.

5. தொகை சிறியதென்றால் முதலில் மத்தியஸ்த சபை. அங்கே சட்டத்தரணி தேவையில்லை. இணக்கம் வராவிட்டால் அதற்கான சான்றிதழைக் கேட்டு வாங்குங்கள். அது இல்லாமல் நீதிமன்றம் வழக்கை ஏற்காது.

6. ஒரே காணிக்கு இரண்டு பேரிடம் முற்பணம் வாங்கியிருந்தாலோ, அடுத்தவர் காணியைக் காட்டி ஏமாற்றியிருந்தாலோ பொலிஸில் முறைப்பாடு செய்யுங்கள். மற்றபடி, பணத்தை மீட்க மாவட்ட நீதிமன்றம்தான் இடம்.

7. லயக் காம்பராவுக்கும் அதைச் சுற்றியுள்ள தோட்டத்துக்கும் அட்வான்ஸ் கொடுக்கவே கொடுக்காதீர்கள். 1972, 1975 காணிச் சீர்திருத்தங்களுக்குப் பிறகு பெருந்தோட்டக் காணிகள் அரசின் வசமாயின. 1992 முதல் கம்பனிகள் அவற்றில் பெரும்பாலானவற்றை நிர்வகிக்கின்றன. குடியிருப்பவர் எத்தனை தலைமுறையாக இருந்தாலும் விற்க அவர் பெயரில் காணி இல்லை. இது பெரிய அநியாயம். ஆனாலும் அதன் நட்டம் வாங்குபவர் தலையில்தான் விழுகிறது. தோட்ட வீடமைப்பில் கிடைத்த 7 பேர்ச்சஸ் வீட்டுக் காணி என்றால், உறுதி கைக்கு வந்திருக்கிறதா, விற்பதற்குத் தடை ஏதும் உண்டா என்று பாருங்கள். அரசாங்க அனுமதிப்பத்திரக் காணியை 1935ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தை மீறிக் கைமாற்றினால் அது செல்லாது. அப்படிக் கொடுத்த பணத்துக்கு வழக்குப் போடுவதும் எளிதல்ல. சட்ட உதவி ஆணைக்குழுவிடம் உடனே போய்க் கேளுங்கள்.

8. இனி எழுதும் உடன்படிக்கையில் இந்த வாசகம் இருக்கட்டும்: "வங்கிக் கடனோ, மண்சரிவு தொடர்பான தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனத்தின் அனுமதியோ கிடைக்காவிட்டால் முற்பணம் முழுவதும் 30 நாளில் திருப்பித் தரப்படும்." 2014 ஒக்டோபரில் மீரியபெத்தை மண்சரிவைக் கண்ட மலையகத்தில் இதை விட்டுவிட்டுக் கையெழுத்திடக் கூடாது. தமிழில் எழுதும் நொத்தாரிசைத் தேடிப் பிடியுங்கள். காசைக் கையில் கொடுக்காமல் வங்கி வழியே அனுப்புங்கள். அதற்கு முன் காணிப் பதிவகத்தில் அந்தக் காணியின் பதிவுப் பக்கத்தைப் பார்த்து, ஈடோ வழக்கோ இருக்கிறதா என்று அறிந்துகொள்ளுங்கள்.