யாருக்கு முன்பாக ஆட்டம்?



டான்ஸ் என்றாலே நமக்குக் கோபம் வருகிறது. ஆனால் தாவீது கர்த்தருக்கு முன்பாக நடனம்பண்ணினான் (2 சாமு. 6:14). ஏரோதியாளின் குமாரத்தி விருந்தாளிகளுக்கு முன்பாக ஆடினாள், யோவான்ஸ்நானனின் தலை போயிற்று (மத். 14). யார் முன்பாக என்பதைக் கவனியுங்கள்.

நம் பக்கத்து ஜோலார்பேட்டை, அரக்கோணம் ரயில்வே காலனிகளில் முன்பு ஆங்கிலோ-இந்தியக் குடும்பங்கள் கிறிஸ்துமஸ், புதுவருஷ நாட்களில் இன்ஸ்டிடியூட் ஹாலில் ஜோடியாக வால்ட்ஸ் ஆடுவார்கள். 1947-க்குப் பின் அநேகர் இங்கிலாந்து, ஆஸ்திரேலியா போய்விட்டார்கள். ஜோடி நடனம் சரி என்று நான் சொல்ல வரவில்லை. ஆனாலும் அங்கே தாய்மார் சுவரோரம் நாற்காலியில் உட்கார்ந்திருப்பார்கள். மகள் யாரோடு ஆடினாள் என்று வீட்டுக்குத் தெரியும்.

சினிமாவில் அப்படியா? 1994-ல் வந்த 'காதலன்' படத்தில் பெண்ணின் தகப்பனே வில்லன்.

ஆம்பூர் ஷூ கம்பெனி வேனில் தினமும் சினிமாப் பாட்டு கேட்டுக்கொண்டே போகிற நம்ம பிள்ளை, மனதில் ஒருவன் இருந்தால் யாரிடம் சொல்லும்? அம்மாவிடம் சொன்னால் அடிதான் விழும் என்று அதுக்கு நல்லாவே தெரியும். இன்று ராத்திரி சாப்பிடும்போது டிவியை நிறுத்திவிட்டு, திட்டாமல் கேட்டுப்பாருங்கள்.