கதைக் கல்லும் நிலத்துக் கல்லும்

வானில் பறப்பான், ஓடும் இரயிலைக் கையால் நிறுத்துவான், துப்பாக்கிக் குண்டு அவன் மார்பில் பட்டுத் தெறித்து விழும். அத்தகைய சூப்பர்மேன், உள்ளங்கையில் அடங்கும் ஒரு பச்சைக் கல்லின் முன்னால் கால் தளர்ந்து சாய்கிறான். அந்தக் கல்லின் பெயர் கிரிப்டோனைட். உலகில் எங்கும் இல்லாத இந்தக் கனிமத்தை எழுத்தாளர்கள் ஏன் படைத்தார்கள்?

ஜெரி சீகல், ஜோ ஷூஸ்டர் என்னும் இரண்டு இளைஞர்கள் உருவாக்கிய சூப்பர்மேன், 1938ஆம் ஆண்டில் அமெரிக்கப் படக்கதை இதழ் ஒன்றில் முதன்முதலாகத் தோன்றினான். நாளடைவில் அவனுடைய ஆற்றல்கள் பெருகிக்கொண்டே போயின. யாராலும் வெல்ல முடியாத நாயகனைப் பற்றிய கதையில் ஒரு சிக்கல் உண்டு. அவன் வெல்வான் என்பது முதல் பக்கத்திலேயே தெரிந்துவிட்டால், அடுத்த பக்கத்தைப் புரட்டும் ஆவல் எங்கிருந்து வரும்? 1943ஆம் ஆண்டில் ஒலிபரப்பான சூப்பர்மேன் வானொலி நாடகத்தில் இதற்கு விடை கிடைத்தது. அதில்தான் கிரிப்டோனைட் அறிமுகமானது. 1949இல் அது படக்கதைகளிலும் இடம்பெற்றது.

கதையின்படி, சூப்பர்மேன் பிறந்த கிரிப்டான் என்னும் கோள் வெடித்துச் சிதறியபோது, அதன் துண்டுகள் விண்கற்களாகப் பூமியில் விழுந்தன. அவற்றிலிருந்து வெளிப்படும் கதிர்கள் அவனுடைய வலிமையை உறிஞ்சிவிடும். ஆனால், ஈயப் பெட்டிக்குள் வைத்து மூடினால் அக்கதிர்கள் வெளியே வாரா. அருகில் நிற்கும் சாதாரண மனிதர்களுக்கு அந்தக் கல்லால் உடனடித் தீங்கும் இல்லை. இவ்வாறு, கல் யாரைத் தாக்கும், எதனால் தடுக்கப்படும் என்ற விதிகள் தெளிவாக இருக்கின்றன. அதனால்தான் வாசகர்கள் இக்கற்பனையை நம்பிக் கதைக்குள் நுழைகின்றனர். விதியில்லாத மாயம் வெறும் வேடிக்கையாக முடிந்துவிடும்.

கிரிப்டான் என்ற பெயர் கற்பனையன்று. அது காற்றில் மிகச் சிறிதளவே கலந்துள்ள ஒரு வாயுவின் பெயர். வில்லியம் ராம்சே, மோரிஸ் டிராவர்ஸ் ஆகிய அறிவியலாளர்கள் 1898இல் அதைக் கண்டறிந்தனர். மறைந்திருப்பது என்னும் பொருள்தரும் கிரேக்கச் சொல்லிலிருந்து அப்பெயர் வந்தது.

2006இல் வெளிவந்த சூப்பர்மேன் திரைப்படம் ஒன்றில், வில்லன் லெக்ஸ் லூதர் அருங்காட்சியகத்திலிருந்து கிரிப்டோனைட்டைத் திருடுகிறான். அக்கல்லை வைத்திருந்த பெட்டியின்மீது அதன் வேதியியல் கூறுகள் எழுதப்பட்டிருந்தன: சோடியம், லித்தியம், போரான், சிலிக்கேட், ஹைட்ராக்சைடு, அவற்றோடு ஃபுளோரின்.

இதற்குச் சில ஆண்டுகளுக்கு முன்பே, 2004இல், செர்பியா நாட்டின் மேற்கிலுள்ள ஜாடர் பள்ளத்தாக்கில் நிலத்தைத் துளையிட்டு ஆய்வு செய்த ரியோ டின்டோ நிறுவனத்தின் நிலவியலாளர்கள் புதுமையான ஒரு கனிமத்தைக் கண்டனர். லண்டன் இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தைச் சேர்ந்த கிறிஸ் ஸ்டான்லி அதை ஆராய்ந்தார். அதன் கூறுகளை அறிந்த பிறகு, அவை ஏற்கெனவே எங்கேனும் பதிவாகியுள்ளனவா என்று இணையத்தில் தேடினார். அவருக்குக் கிடைத்தது கிரிப்டோனைட்! ஃபுளோரின் ஒன்றைத் தவிர, மற்றக் கூறுகள் பொருந்தின. இச்செய்தி 2007இல் உலகெங்கும் பரவியது. எனினும், புதிய கனிமத்தில் கிரிப்டான் வாயு சிறிதும் இல்லாததால் அதற்குக் கிரிப்டோனைட் என்று பெயரிட இயலவில்லை. கிடைத்த இடத்தின் பெயரால் ஜாடரைட் என்று பெயரிட்டனர். அது பச்சையாக ஒளிர்வதும் இல்லை. வெண்மையான, மாவு போன்ற தன்மையுடைய கனிமம் அது. புற ஊதாக் கதிர் பட்டால் மட்டும் இளஞ்சிவப்பு கலந்த செம்மஞ்சள் நிறத்தில் ஒளிரும்.

ஜாடரைட்டின் ஆற்றல் வேறு வகையானது. அதிலுள்ள லித்தியம், திறன்பேசிகளுக்கும் மின்சாரக் கார்களுக்கும் வேண்டிய மின்கலங்களைச் செய்யப் பயன்படும். புகை கக்கும் வாகனங்களைக் குறைக்க விரும்பும் நாடுகளுக்கு லித்தியம் இன்றியமையாதது. ஆனால், ஜாடர் பள்ளத்தாக்கு மக்கள் உழுது பயிரிடும் நிலம். சுரங்கம் வந்தால் ஆறும் நிலத்தடி நீரும் மாசுபடும் என்று அவர்கள் அஞ்சினர். உரிய பாதுகாப்புடன் சுரங்கத்தை நடத்த முடியும் என்பது நிறுவனத்தின் வாதம். 2021இல் மக்கள் சாலைகளை மறித்துப் போராடினர். 2022 ஜனவரியில் அரசாங்கம் அத்திட்டத்திற்கான அனுமதிகளை இரத்துச் செய்தது. 2024 ஜூலையில், நாட்டின் அரசியலமைப்பு நீதிமன்றம் அளித்த தீர்ப்பைத் தொடர்ந்து திட்டத்திற்கு மீண்டும் வழி திறக்கப்பட்டது. அடுத்த மாதமே தலைநகர் பெல்கிரேடில் பல்லாயிரம் பேர் திரண்டு எதிர்ப்புத் தெரிவித்தனர்.

கதையில் வரும் கல் ஒரு நாயகனைத்தான் வாட்டியது. சாதாரண மக்களை அது தீண்டவில்லை. நிலத்தடியில் கிடைத்த கல்லோ, தன்மேல் உழுது வாழும் சாதாரண மக்களின் வாழ்வையே தொட்டுவிட்டது. கதையில் கல்லின் விதிகளை எழுத்தாளர் வகுத்துவிடுகிறார். உண்மை உலகில், எதை எடுப்பது, எவ்வளவு எடுப்பது, யாரைக் கேட்டு எடுப்பது என்னும் விதிகளை மனிதர்களே கூடிப் பேசி வகுக்க வேண்டியுள்ளது. கல்லுக்கு நன்மை தீமை தெரியாது. தெரிந்திருக்க வேண்டியவர்கள் நாம்தாம்.

அருஞ்சொற்பொருள்
கனிமம் – நிலத்தில் இயற்கையாகக் கிடைக்கும் தாதுப்பொருள்
நிலவியலாளர் – நிலத்தின் அமைப்பை ஆராய்பவர்
இன்றியமையாதது – இல்லாமல் முடியாதது

சிந்தித்து விடை கூறுக
1. வெல்ல முடியாத நாயகனுக்கு ஒரு பலவீனம் ஏன் தேவைப்பட்டது?
2. புதிய கனிமத்திற்குக் கிரிப்டோனைட் என்று பெயரிடாததன் காரணம் யாது?
3. மின்சாரக் கார்களால் காற்று தூய்மையாகும். ஆனால், அவற்றுக்கான லித்தியத்தை எடுக்க ஒரு கிராமம் தன் நிலத்தை இழக்க நேரலாம். இதில் முடிவெடுக்கும் உரிமை யாருக்கு இருக்க வேண்டும்? உன் கருத்தைக் காரணங்களுடன் குழுவில் கலந்துரையாடுக.