பனாட்டு ஏன் பூசணம் பிடிக்கிறது?

கேள்வி: பனாட்டுக்காகப் பனம்பழக் களியைத் தட்டில் ஊற்றிக் காயவைத்தேன், மூன்றாம் நாள் பூசணம் பூத்துவிட்டது. யாழ்ப்பாணத்துப் பனாட்டு மாதக்கணக்கில் கெடாதிருப்பது எப்படி?

பதில்: தாங்கள் களியைக் கனமாக ஊற்றியிருப்பீர்கள் என்றே ஊகிக்கிறேன். மேற்புறம் விரைவில் ஏடு கட்டிவிட, அடியிலுள்ள ஈரம் வெளியேற மார்க்கமின்றித் தங்கி, பூசணத்துக்கு ஆதாரமாகிவிடுகிறது. யாழ்ப்பாணத்துப் பெண்கள் இதை அனுபவத்தால் அறிந்திருந்தபடியால், நன்கு கனிந்த பழத்தைப் பிசைந்து தும்பு நீக்கி வடித்த களியை, உயர்ந்த பந்தலின்மேல் விரித்த பனையோலைப் பாயில் மெல்லிய படலமாகத் தடவி, அது காய்ந்த பிறகே அடுத்த படலத்தைத் தடவி, இவ்வாறு பல நாள் பொறுமையுடன் கனம் ஏற்றுவார்கள். பந்தலின் உயரம் வெறும் சௌகரியத்துக்காக அன்று. கீழிருந்தும் காற்று வீசினாலன்றி அடிப்புறம் உலராது. நீர் வற்ற வற்றப் பழத்தின் சர்க்கரை செறிந்து, எஞ்சிய ஈரத்தையும் பற்றிக்கொள்வதால், கிருமிகள் வளர இயலாமற் போகின்றன.

தாங்களும் சுத்தமான ஓலைப் பாயில், அரை விரற்கனத்துக்கும் குறைவாகத் தடவுங்கள். அந்தியில் பனி படுமுன் வீட்டினுள் எடுத்துவிடுவது அவசியம். மழைக்குறி கண்டால் ஆரம்பிக்கவே வேண்டாம். பூசணம் பூத்ததைச் சுரண்டி உண்பதும் தகாது, முழுவதையும் எறிந்துவிடுங்கள்.

பனாட்டில் இலேசான கசப்பு இருக்கும். அது பனம்பழத்தின் சுபாவம், அதை நான் குறையாகக் கருதுவதில்லை. இனிப்பை விரும்புவோர், உலர்ந்த துண்டுகளைப் பனம்பாணியில் ஊறவைத்துப் பாணிப் பனாட்டாக உண்ணலாம்.